கட்டைவிரலை எழுதாமல் விட்டேன்

நைனா,

இன்று காலை கஞ்சிப் பானையை இறக்க அம்மா உன் கையுறையை எடுத்தாள். உள்ளங்கைப் பக்கம் ஓட்டை விழுந்திருந்ததை அவள் கவனிக்கவில்லை. சுட்டுக்கொண்டாள். "இத்தக் கிழிச்சி விளக்குத் தொடைக்கப் போடு" என்று என் மேசைமேல் எறிந்துவிட்டுப் போனாள். நான் கிழிக்கவில்லை. கரியும் சோற்று வாடையும் ஏறிப்போன அந்த வெள்ளைப் பருத்தி உறையை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

இடது கை உறை. நம் வீட்டில் எல்லாமே இடது கை உறைகள்தான்.

கப்பலின் மேல்தளத்தில், சரக்கறையின் வாய் ஓரம் நின்று, பாரம் தூக்கும் வின்ச் இயந்திரத்தை ஓட்டுகிறவருக்குக் கை காட்டுவது உன் வேலை. கீழே ஆழத்தில் பெட்டி எங்கே இருக்கிறது, ஆள் எங்கே நிற்கிறான் என்பது அவருக்குத் தெரியாது. அவர் பார்ப்பது உன் வலது கையை மட்டுமே. அந்தக் கை பளிச்சென்று தெரிய வேண்டும் என்பதற்காக உறை போடுவாய். வலது உறை மாதத்துக்கு ஒன்று தேய்ந்து நூலாகும். அதன் ஜோடி புதிது மாறாமல் அம்மாவின் அடுப்படிக்கு வந்து சேரும். நீ போன பிறகு தகரப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். ஏழு இடது உறைகள் இருந்தன. வலது ஒன்றுகூட இல்லை.

அந்த வலது கையைப் பற்றி உன்னிடம் சொல்லாமல் விட்ட ஒன்று இருக்கிறது. நீ இருந்தபோது எத்தனையோ முறை வாய் வரை வந்தது. இப்போது எழுதிப் பார்க்கிறேன்.

நான் சிறுமியாக இருந்தபோது ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததும் நம் விளையாட்டு ஒன்று இருந்தது, நினைவிருக்கிறதா? நான் மொட்டைமாடியில் கயிறும் கூடையுமாக நிற்பேன். நீ தெருவில் மீன்காரம்மா பக்கத்தில் நிற்பாய். ஆள்காட்டி விரல் மேலே சுற்றினால் தூக்க வேண்டும். உள்ளங்கை கீழே தட்டினால் இறக்க வேண்டும். கையை முட்டியாக மடக்கினால் நிறுத்த வேண்டும். வாயைத் திறக்கக் கூடாது என்பது உன் சட்டம்.

"இன்னாண்ணா, நாலு கானாங்கத்திக்கு இம்மாம் பெரிய கப்பல் வேலையா?" என்று மீன்காரம்மா சிரிப்பாள்.

கூடை துணிக்கொடிக்குப் பக்கத்தில் வந்து ஆடும்போது மட்டும் நீ வேறொன்று காட்டுவாய். உள்ளங்கை தட்டையாகக் கீழ்நோக்கி இருக்கும். நான்கு விரல்களும் ஒட்டியிருக்கும். கட்டைவிரல் மட்டும் மூச்சு விடுவதுபோல மெல்ல அசையும். நான் கயிற்றைக் கட்டிவிடவும் மாட்டேன், விடவும் மாட்டேன். கையிலேயே தாங்கிக்கொண்டு உன்னைப் பார்த்தபடி நிற்பேன். அப்படித்தான் செய்ய வேண்டும் என்று யாரும் எனக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை. எப்படிப் புரிந்தது என்று இன்றும் யோசிக்கிறேன்.

அம்மா சண்டை போடும்போதும் அதே கையைக் காட்டுவாய். அவளும் சட்டென்று நின்று, "இன்னா, நானும் உனுக்கு வின்ச்சா?" என்பாள். ஆனால் நின்றுவிடுவாள்.

அந்த ஆண்டுகளில்தான் கோவில் பூசை லத்தீனிலிருந்து தமிழுக்கு மாறியது. அம்மாவுக்கு லத்தீன் செபங்கள் எல்லாம் மனப்பாடம். ஒரு சொல்லுக்கும் பொருள் தெரியாது. ஆனால் சொல்லும்போது கண் கலங்கும். முதல் தமிழ்ப் பூசை முடிந்து வெளியே வந்தபோது அவள் முகம் வாடியிருந்தது. "இத்தினி வருசமா இத்தத்தான் சொல்லிகினு இருந்தமா?" என்றாள். நீ விழுந்து விழுந்து சிரித்தாய். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பொருள் தெரியாத சொற்களைக்கொண்டு அம்மா அத்தனை நாள் கடவுளிடம் சொன்னது என்ன? அவள் ஏதோ சொல்லித்தான் இருந்தாள். அது அந்தச் சொற்களில் இருந்ததா, வேறெங்காவது இருந்ததா? அன்றுமுதல் இந்தக் கேள்வி என்னைவிட்டுப் போகவில்லை.

அம்மாவிடம் பொருள் இல்லாத சொல் இருந்தது என்றால், உன்னிடம் சொல் இல்லாத பொருள் இருந்தது. உன் வின்ச்காரர் அப்பாராவைத்தான் சொல்கிறேன். அவருக்குத் தமிழ் பத்து வார்த்தை. உனக்குத் தெலுங்கு அதுகூட இல்லை. பதினோரு வருஷம் ஒரே கப்பல் தளத்தில் இருபதடி தள்ளித் தள்ளி நின்று வேலை செய்தீர்கள். கிறிஸ்துமஸுக்கு அவர் வருவார். இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து தேநீர் குடிப்பீர்கள். ஒரு மணி நேரம் கழித்து அவர் கிளம்புவார்.

"இன்னா மனுசங்களோ. ஒரு வார்த்த பேசாம ஒக்காந்துகினுகீறாங்க" என்பாள் அம்மா.

"நல்லா பேசினு இருந்தோமே" என்பாய் நீ, உண்மையிலேயே ஆச்சரியப்பட்டு.

கல்லூரியில் சேர்ந்த முதல் வருஷம், சொற்கள் இல்லாமல் சிந்திக்க முடியுமா என்று அறிஞர்கள் விவாதித்திருப்பதை நூலகத்தில் படித்துவிட்டு ஓடி வந்தேன். நீ வாசல் குழாயடியில் கை கழுவிக்கொண்டிருந்தாய். "நைனா, கை காட்டும்போது நீ எதுல யோசிக்கிற? தமிழ்லயா?" என்று கேட்டேன். சோப்பு நுரையோடு கையைத் தூக்கிப் பார்த்தாய். "யோசிச்சினு இருந்தா பொட்டி உழுந்துடும் பாப்பா" என்றாய்.

அதற்கு மூன்று மாதம் கழித்துப் பெட்டி விழுந்தது.

இரும்புச் சாமான் அடைத்த மரப்பெட்டி. சரக்கறைத் தரையிலிருந்து ஒரு முழம் எழும்பியதும் ஒரு மூலையில் கயிறு நழுவியது. நீ கை காட்டினாய். பெட்டி அந்தரத்தில் நின்றது. பிறகு மெல்லக் கீழே இறங்கி, பக்கத்தில் நின்ற கன்னியப்பன் அண்ணன் காலில் உட்கார்ந்தது. இரண்டு விரல்கள் போயின. நீ ஆஸ்பத்திரிக்குப் போனபோது, "இன்னும் எட்டு கீதுண்ணா, பேஜாராவாத" என்று அவர் உனக்கு ஆறுதல் சொன்னாராம். வீட்டுக்கு வந்து அதைச் சொல்லிவிட்டு நீ சாப்பிடாமல் படுத்தாய்.

ஒரு வாரத்தில் மெமோ வந்தது. சரியான சைகை தரத் தவறியதற்கு உன்மேல் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று கேட்டிருந்தார்கள். டிபன் பாக்ஸ் மூடிக்குள் மடித்து வைத்து அதைக் கொண்டு வந்தாய்.

"இங்கிலீஷ்ல பதில் எழுதணுமாம். நீதான் கீறியே, எனுக்கின்னா பயம்?"

ஆனால் பயந்தாய். வேலை போனால் என் படிப்பு அதோடு நின்றுவிடும் என்பது நம் மூன்று பேருக்கும் தெரியும்.

அடுப்படியில் உட்கார்ந்து, நடந்ததை நடந்தபடி சொல்லச் சொன்னேன். சொன்னாய். கயிறு நழுவிய இடம் வந்ததும், "அப்போ நான் இப்பிடிக் காட்டுனேன்" என்று கையை நீட்டினாய். தட்டையான உள்ளங்கை. ஒட்டிய விரல்கள். மெல்ல அசையும் கட்டைவிரல்.

"அப்பிடின்னா இன்னா நைனா?"

"அப்பிடின்னா இப்பிடித்தான்."

"நில்லுன்னு அர்த்தமா?"

உதட்டைப் பிதுக்கினாய். "நில்லுன்னா முட்டி. அது கால்ல பிரேக்க முழுசா போடுறது. போட்டு எடுத்தா பொட்டி குலுங்கும். இது அது இல்ல."

"பொறுன்னு?"

"கிட்ட வருது."

"தாங்குன்னு?"

"தாங்கு… ஆனா தூங்காத… நான் பாத்துகினுகீறேன்… அடுத்தது இதோ வருது. எல்லாம் சேத்து." பிறகு, ஏதோ தப்புச் செய்து பிடிபட்டதுபோல, "அது ஷெட்டுல மாட்டிகீற படத்துல கெடையாது பாப்பா. எனுக்கும் அப்பாராவுக்கும் நடுவுல தானா வந்தது. அதுக்குப் பேரு இல்ல" என்றாய்.

நான் காகிதத்தைப் பார்த்தேன். பெயரில்லாத ஒன்றை எப்படி எழுதுவது? ஆங்கிலத்தில் ஒரே ஒரு சொல் அங்கே தயாராக நின்றது. ‘ஸ்டாப்’ சைகை தந்தேன். அதன் பிறகும் பெட்டி இறங்கியது என்று எழுதினேன். எழுதி முடித்துத் தமிழில் படித்துக் காட்டினேன்.

"ஸ்டாப்புன்னா நிறுத்துறதுதான?" என்று கேட்டாய்.

"ஆமா நைனா. இங்கிலீஷ்ல அப்படித்தான் எழுதுவாங்க."

நீ தலையாட்டினாய். உன் பெயரைத் தமிழில், ஒவ்வோர் எழுத்தாக, கையெழுத்துப் போட்டாய்.

விசாரணை நாளில் என்னையும் அழைத்துப் போனாய். இங்கிலீஷில் ஏதாவது கேட்டால் துணைக்கு ஆள் வேண்டும் என்று. ஆனால் என்னை உள்ளே விடவில்லை. நடையில் பெஞ்சில் உட்கார வைத்தார்கள். அறைக்கு ஆடுகிற பாதிக் கதவு. உட்கார்ந்த இடத்திலிருந்து உள்ளே இருப்பவர்களின் முகம் தெரியாது, குரல் கேட்கும், கால்கள் தெரியும். மேசைக்கு அடியில் அதிகாரியின் பளபளப்பான ஷூக்கள். உன் தேய்ந்த செருப்பு. அப்பாராவ் மரியாதைக்காகச் செருப்பை வெளியே கழற்றிவிட்டுப் போயிருந்தார். ஆகவே அவருடைய வெறும் கால்கள்.

குமாஸ்தா என் கடிதத்தைப் படித்தார். நான் எழுதிய வாக்கியங்கள் ஓர் அந்நியக் குரலில் வந்தபோது, இலக்கணம் சுத்தமாக இருக்கிறது என்று எனக்கு ஒரு கணம் பெருமையாகக்கூட இருந்தது. அதை மறைத்து என்ன ஆகப்போகிறது.

"அப்பாராவ், இவர் ஸ்டாப் காட்டினாரா?" என்று அதிகாரி கேட்டார்.

"கை பாத்தேன் சார்."

"கையில என்ன காட்டினார்? ஸ்டாப்பா, இல்லையா?"

ஆமாம் என்றால், நிறுத்தச் சொல்லியும் பிரேக் போடாதவர் ஆகிவிடுவார். பதினோரு வருஷம் ஆகியும் அவருடையது தற்காலிக வேலைதான். மறுநாளே வெளியே அனுப்பிவிடலாம். இல்லை என்றால் நீ போவாய். அவர் இரண்டையும் சொல்லவில்லை. அதிகாரி மறுபடி கேட்டார். வெறும் கால்களின் விரல்கள் தரையைப் பற்றிக்கொண்டன.

"சார்," என்று உன் குரல் வந்தது. "அத்த நான் காட்டுறேன்."

நாற்காலி ஒன்று கிறீச்சிட்டது. அவ்வளவுதான். நீ கையைத் தூக்கியிருக்கிறாய் என்று எனக்குத் தெரிந்தது. எப்படித் தெரிந்தது தெரியுமா? அப்பாராவின் வலது கால் அசைந்தது. குதிகால் தரையில் ஊன்றியிருக்க, முன்பாதம் எழும்பி, மெல்ல இறங்கி, பாதியில் நின்றது. தரையைத் தொடவில்லை. அங்கே பிரேக் மிதிகட்டை இல்லை, வின்ச் இல்லை, கப்பல் இல்லை. ஆனால் அந்தக் கால் ஒரு பெரிய பாரத்தைத் தாங்கிக்கொண்டு பாதி வழியில் நின்றது. கெண்டைக்கால் தசை இறுகியது. அவர் அதை வேண்டுமென்று செய்தார் என்று நான் நினைக்கவில்லை.

நைனா, நான் எவ்வளவோ புத்தகங்கள் படித்திருக்கிறேன். ஒருவர் நினைத்தது ஒரு சொல்லும் இல்லாமல் இன்னொருவரிடம் போய்ச் சேருவதை என் கண்ணால் பார்த்தது அந்தப் பாதிக் கதவுக்கு அடியில்தான்.

அதிகாரி அந்தக் காலைப் பார்த்திருக்க மாட்டார். மேசை மறைத்திருக்கும்.

"இது ஸ்டாப் இல்லையே," என்றார்.

"இல்ல சார்."

"சார்ட்டுல இருக்கா?"

"இல்ல சார்."

"அப்ப பேப்பர்ல ஸ்டாப்னு இருக்கே?"

"எம் பொண்ணு எழுதுனது சார். அது மேல தப்பில்ல. நான் காட்டுனதுக்குப் பேரு இல்ல, அது இன்னா பண்ணும்? ஒரு மூச்சு தாங்குனா போதும்னு நெனச்சேன். ரெண்டு மூச்சு ஆயிட்ச்சி. நான் முட்டி மடக்கியிருக்கணும். அவன் என் கைய ஒயுங்காத்தான் பாத்தான்."

வேலை போகவில்லை. உன் பழைய பதிவுகளைப் பார்த்துக் கருணை காட்டியதாகச் சொன்னார்கள். கப்பலிலிருந்து இறக்கி, ஷெட்டில் மூட்டைகளுக்குக் காவலாகப் போட்டார்கள். சம்பளம் குறைந்தது. என் படிப்பு தத்தளித்து எப்படியோ கரை சேர்ந்தது. அதன் பிறகு நம் வீட்டுக்குக் கையுறை வரவே இல்லை. பெட்டியில் இருந்த ஏழும் அதற்கு முந்தியவை.

அன்று துறைமுக மதில் ஓரமாக நடந்து வந்தோம். நான் கோபத்தில் முன்னால் நடந்தேன். கல்மண்டபம் திரும்பும் இடத்தில் பொறுக்க முடியாமல் கேட்டேன்: "வீட்ல படிச்சுக் காட்டினப்போ தலையாட்டின இல்ல? அங்க போய் ஏன் மாத்தின?"

"வூட்ல நீ படிச்சப்போ வார்த்தயக் கேட்டேன் பாப்பா. நல்லாத்தான் இருந்திச்சி. அங்க குமாஸ்தா படிச்சப்போ, கைய மடியில வெச்சிகினு செஞ்சி பாத்தேன். முட்டி வந்திச்சி. நான் அன்னிக்கி முட்டி காட்டல."

நீ என்னைக் குறை சொல்லவில்லை. வழியில் எனக்கு வேர்க்கடலை வாங்கிக் கொடுத்தாய்.

அடுத்த ஞாயிறு அப்பாராவ் வந்தார். கிறிஸ்துமஸ் இல்லை, ஒன்றும் இல்லை. எதிரெதிரே உட்கார்ந்தீர்கள். அம்மா தேநீர் டம்ளரை டக்கென்று வைத்தாள். ஒரு மணி நேரம். அவர் போனதும், "நன்றின்னு ஒரு வார்த்த வருதா பாரு அந்த வாயில" என்று அம்மா வெடித்தாள்.

"சொன்னானே," என்றாய் நீ.

இப்போது நான் சொல்லாமல் விட்டது.

‘இங்கிலீஷில் அப்படித்தான் எழுதுவார்கள்’ என்று சொன்னேனே, அது பொய். வேறு மாதிரியும் எழுதலாம். பட்டியலில் இல்லாத, உனக்கும் அப்பாராவுக்கும் மட்டும் பழக்கமான ஒரு சைகை. கையை இப்படி வைத்து, கட்டைவிரலை இப்படி அசைத்து, பாரத்தைத் தாங்கி நிற்கச் சொல்வது என்று மூன்று வரியில் எழுதியிருக்கலாம். எனக்கு அது அப்போதே தோன்றியது. அந்தக் கையின் பொருள் எனக்குத் தெரியாமல் இல்லை. ஆறு வயதிலிருந்தே அதற்குக் கயிறு பிடித்தவள் நான். மூன்று வரி எழுதினால் நீ மாட்டிக்கொள்வாய். ஒரு சொல் எழுதினால் அப்பாராவ் மாட்டிக்கொள்வார். அதுவும் தெரிந்தது. அப்பாராவை நினைக்கவே இல்லை என்று உன்னிடம் சொல்ல ஆசையாக இருக்கிறது. நினைத்தேன். நினைத்துவிட்டுத்தான் கட்டைவிரலை எழுதாமல் விட்டேன். எல்லாரும் அதை மொழியின் குறை என்று எடுத்துக்கொண்டார்கள். நீயும். "அது இன்னா பண்ணும்" என்று எனக்காக அந்த அறையில் வாதாடினாய். மொழிமேல் பழியைப் போட்டுவிட்டு அதன் நிழலில் நான் இத்தனை வருஷம் நின்றிருக்கிறேன்.

உனக்குத் தெரிந்திருக்குமோ என்று சில நாள் தோன்றும். அந்த வேர்க்கடலைப் பொட்டலத்தை நீட்டிய விதத்தில் ஏதோ இருந்தது. அதை இன்னும் என்னால் மொழிபெயர்க்க முடியவில்லை.

இப்போது எனக்கு இதுவே பிழைப்பு. கல்லூரிப் பாடப்புத்தகங்களைத் தமிழாக்கும் அலுவலகம் ஒன்றுக்காக வீட்டில் இருந்தபடி எழுதித் தருகிறேன். இந்த வாரம் இயற்பியல். மேலிருந்து கயிற்றில் தொங்கும் ஒரு பொருள் அசையாமல் இருப்பதைப் பற்றி ஒரு பத்தி. ‘பொருள் ஓய்வில் உள்ளது’ என்று எழுத வேண்டும். அதுதான் அவர்கள் கொடுத்த சொல்பட்டியலில் இருக்கிறது. யாரும் தப்பென்று சொல்ல மாட்டார்கள். எழுதினேன். பிறகு, எந்த வாக்கியத்தையும் அனுப்பும் முன் நான் செய்வதைச் செய்தேன்: கண்ணை மூடிக்கொண்டு அதைக் கையால் செய்து பார்த்தேன். கை முட்டியாக மடங்கியது. ஆனால் தொங்கும் பெட்டி ஓய்வெடுப்பதில்லை, நைனா. கயிறு இழுக்கிறது, மண் இழுக்கிறது, இரண்டும் ஒன்றையொன்று தாங்கிக்கொண்டு நிற்கின்றன. அந்தச் சொல்லை விட்டுவைத்து, அதன் கீழே இன்னும் இரண்டு வரி சேர்த்தேன். பிள்ளைகளுக்குப் படிக்கக் கொஞ்சம் நீளம்தான். இருக்கட்டும்.

அந்த இரண்டு வரிகளில் மூழ்கியிருந்தபோதுதான் இன்று காலை அம்மா கஞ்சி குடிக்கக் கூப்பிட்டாள். திரும்பிப் பார்க்காமல் இடது கையைத் தூக்கினேன். வலது கையில் பேனா இருந்தது. இடது கையில், எப்போது மாட்டினேன் என்றே தெரியாமல், ஓட்டை விழுந்த உன் உறை இருந்தது.

பின்னால் கரண்டிச் சத்தம் நின்றது. திரும்பினேன். அம்மா கரண்டியை அந்தரத்தில் பிடித்தபடி என் கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். உள்ளங்கை தட்டையாக இருந்தது. விரல்கள் ஒட்டியிருந்தன. கட்டைவிரல் மெல்ல அசைந்துகொண்டிருந்தது.

"கஞ்சி ஆறுது," என்றாள். "உங்க நைனா மாதிரி ரெண்டு மூச்சு ஆக்கிடாத."

நான் விரல்களை முட்டியாக மடக்கிக் காட்டிவிட்டு எழுந்தேன்.